இடைப்பலகை

இரண்டு இழுப்பறைகளுக்கு நடுவே
அரை விரல் ஓக் பலகை போதுமென்று
மெல்லிசாக அறுத்துவந்தான் தச்சன் ரைலண்ட்.
"இன்னும் தடிமனாக" என்றார் அப்பா.
"நத்தை தாண்டிப் போய்விடுமா, டாக்டர்?"
சிரித்தது அவன் மட்டும்.

இந்தப் பக்கம் மஞ்சள் நத்தை,
அந்தப் பக்கம் பட்டை நத்தை.
ஆண்டவர் தனித்தனியே படைத்தார்,
டாக்டர் தர்ல்பி தனித்தனியே அடைத்தார் என்று
ஸ்கார்னெஸ் மதுக்கடையில் பாட்டுக் கட்டினார்களாம்.
இரண்டு பென்னிக்கு நத்தை பொறுக்கித் தருகிற
ஹெப்சிபா கிரேக்தான் வந்து சொன்னாள்,
பாடியே காட்டினாள்.

படம் போடுவது நான்.
முப்பத்து நாலு வயது. மோதிரம் ஏறாத கை
நடுங்குவதில்லை.
நானூற்றுப் பன்னிரண்டு ஓடுகள் வரைந்தேன்.
பக்கத்து ஓட்டின் சாயல் ஒவ்வொன்றிலும்,
ஒரே வீட்டு மூக்கு மாதிரி.
பென்சிலை எங்கே எடுப்பதென்று
எந்த ஓடும் எனக்குச் சொல்லவில்லை.
"கெசியா, இந்தக் கோட்டைக் கொஞ்சம் அழுத்து" என்பார்.
அழுத்தினேன்.
என் மையின் அழுத்தத்தில் பிறந்த இனங்கள்
மூன்று உண்டு அவர் நூலில்.

மூடர் என்றன லண்டன் கடிதங்கள்,
மிக மரியாதையான ஆங்கிலத்தில்.
அந்தப் பிப்ரவரியை அவர்கள் பார்க்கவில்லை.
வலைக்காரன் டோபியாஸ் ஹக் வீட்டில்
ஐந்து நாளில் மூன்று பிள்ளைகள்,
தொண்டையில் சாம்பல் தோல் படர்ந்து.
கடைசிப் பெண்ணுக்குக் கழுத்தில் துளையிட்டு
வெள்ளிக் குழாய் வைத்தார்.
குழாய் அடைத்தபோது
தன் வாயை வைத்து உறிஞ்சினார்.
விடிகிற நேரத்தில் அவளும்.
"எம் புள்ளைங்க என்ன சார் குத்தம் செஞ்சாங்க?"
என்று கேட்டாளாம் தாய்.

வந்தவர் பூட்ஸைக் கழற்றவில்லை.
மேசைமேல் சஞ்சிகை திறந்தே கிடந்தது:
மெலியது மாயும், வலியது வாழும்,
இப்படித்தான் இனம் மேம்படும்.
"மேம்பட்டதாம்" என்றார்.
அன்றிரவே எழுத உட்கார்ந்தார்.
அறுபது பக்கம், முழுக்க நத்தைகள் பற்றி.
ஹக் என்ற பெயர் அதில் எங்குமில்லை.
படியெடுத்தவள் சொல்கிறேன்,
அறுபது பக்கமும் அவன் பிள்ளைகள்தாம்.

ஏப்ரல் மழையில் ஹெப்சிபா வந்தாள்.
கூடையின் அடியில்
மணற்குன்றுப் புல்லில் கிடைத்த ஒன்று.
மஞ்சளில் கிளம்பிய பட்டை
பாதிச் சுற்றில் யோசித்து நின்றுவிட்டிருந்தது.
ஜன்னலுக்குக் கொண்டுபோனார்.
தேநீர் ஆடை கட்டியது.
எந்த இழுப்பறையையும் அவர் திறக்கவில்லை,
வரையவும் தரவில்லை.
"ஊனம்" என்றார்.
பிறகு, நோயாளி காதில் விழக்கூடாத குரலில்,
"இருக்கலாம்."
வேஸ்ட்கோட் பையில் போட்டுக்கொண்டார்.
ஹெப்சிபாவுக்கு நாலு பென்னி.

ஏழு வருடம்.
பிரசங்கத்தின் நடுவே அந்தப் பைக்குள்
கட்டைவிரல் உருண்டுகொண்டிருக்கும்.
காய்ச்சல் படுக்கைகளின் பக்கத்திலும்.
கடிகாரத்தைத் தடவுகிறார் என்று ஊர் நினைத்தது.
கடிகாரம் மற்றப் பையில்.

அடக்கத்துக்கு மறுநாள் கைவிட்டேன்.
இருமல் மாத்திரை இரண்டு, ஒரு துண்டு நூல், அது.
பட்டை போயிருந்தது. மஞ்சளும் போய்
பழைய பல்லின் நிறம்.
எந்தப் பக்கத்து நத்தை என்று
இனி யாராலும் சொல்ல முடியாது.

வியாழக்கிழமை
யார்க் அருங்காட்சியகத்து ஆட்கள் வண்டியோடு வருகிறார்கள்.
ரைலண்டுக்குச் சொல்லியனுப்பினேன்.
இடைப்பலகையின் மேல்விளிம்பில்
ஒரு குழி வேண்டும் என்றேன், இந்த அளவுக்கு.
உள்ளங்கையில் வாங்கிப் பார்த்தான்,
இந்த முறை சிரிக்கவில்லை.
"பலகை தாங்கும், மிஸ்" என்றான்,
"தடிமனாகத்தான் போட்டிருக்கிறேன்."